வெளியே எதுவும் மாறக்கூடாது

மெனுவில் ஒரு வரி: பெயர் மாற்று.
அதை அழுத்துகிறவருக்கு என்னைத் தெரியாது.
தெரியவும் வேண்டாம்.
நான் எழுதுவது அந்த வரிக்குக் கீழே,
கருவியின் வயிற்றுக்குள் கிடக்கும்
பதினேழு லைப்ரரி ஃபைல்கள்.
யாரும் திறந்து பார்ப்பதில்லை.
திறந்தால் எங்கோ ஏதோ உடைந்திருக்கிறது என்று அர்த்தம்.

கிரிஞ்சியில் பதினோராவது மாடி.
கட்டடத்துப் பலகையில் பங்சார் சவுத்.
கிராப் ஓட்டுகிறவர் ஒரு பெயரைச் சொல்வார்,
கீழே காவல் நிற்கும் நேப்பாளி இன்னொன்றை.
இரண்டு பெயரும் ஒரே வாசலுக்குத்தான் வந்து சேர்கின்றன.
என் ஃபைல்களுக்கு அந்தச் சாமர்த்தியம் கிடையாது.

யாரோ எழுதிய கோடை அவை முதலில் மரமாக்கும்.
பிறகு ஒரு பெயரைப் பிடித்துக்கொண்டு
எங்கே பிறந்தாய், எதுவரை செல்வாய்,
பக்கத்து அறையில் இதே பெயரோடு இருப்பது
நீதானா, அந்நியனா என்று
கிளை கிளையாகக் கேட்டு நடக்கும்.
'மொத்தம்' என்று ஒரு நிரலில் நாற்பது இடம்.
முப்பத்தொன்பதும் ஒருவன். ஒன்று வேறொருவன்.
அந்த ஒன்றைத் தொடாமல் விடுவதற்குத்தான்
எனக்குச் சம்பளம்.

சியூ லிங் வெள்ளைப் பலகையில் எழுதி
யாரையும் அழிக்கவிடாமல் வைத்திருக்கிறாள்:
உள்ளே என்ன வேண்டுமானாலும் மாற்று.
வெளியே எதுவும் மாறக்கூடாது.

போன வாரம் மாறியது.
செந்தூலில் ஒரு கிளினிக்,
மருந்துறைகளில் நோயாளி பெயர் இருக்கவேண்டிய இடம்
காலையிலிருந்து வெற்றாக அச்சானது.
தாதி எல்லாவற்றையும் பேனாவால் எழுதினாளாம்.
இரவு பத்துக்கு மேல் மழைச் சத்தத்தோடு தேடி
அதைக் கண்டுபிடித்தேன்.
அந்த ஒரு பெயர் மட்டும் மேற்கோளுக்குள் இருந்தது.
மேற்கோளுக்குள் இருப்பது பெயரல்ல, வெறும் எழுத்து,
தாண்டிப் போ என்று
ஃபைலுக்குச் சொல்லிக் கொடுத்ததே நான்தான்.

திரையை மூடும்போது
கழுத்து அட்டை மேசையில் தட்டியது.

கிள்ளான் பதிவு அலுவலகத்தில்
அப்பா எழில்வாணி என்றுதான் சொன்னார்.
குமாஸ்தாவின் காதில் ழியும் ல்லும் தேய்ந்து
ஒரு லியாகி நின்றது.
ஆங்கிலத்தில் ஏழே எழுத்து:
எலிவாணி.
ஆறாம் வகுப்பு முடியும்வரை
என் மேசைக்குள் யாராவது
பாதி மசால்வடை வைத்துவிட்டுப் போவார்கள்.

மாற்றிவிடலாமென்று இரண்டு வருடம் முன்பு
ஜேபிஎன் போய்ப் பாரம் வாங்கினேன்.
எல்ஆர்டியில் திரும்பும்போது, தொழில் புத்தி,
அந்தப் பெயர் இருக்கும் இடங்களை எண்ணினேன்.
எஸ்பிஎம் சான்றிதழ், வங்கி, வீட்டுக் கடன்,
பல் மருத்துவரிடம் ஒரு மஞ்சள் அட்டை.
இருபத்தாறு.
எல்லாம் மேற்கோளுக்குள்.

அதில் ஒன்று அப்பாவின் இபிஎஃப் வாரிசுப் பாரம்.
எலிவாணி, மகள் என்று
அவர் கையாலேயே எழுதியிருந்தார்,
ஐசியில் இருப்பதுபோல் இருக்கவேண்டும் என்பதற்காக,
ஒவ்வோர் எழுத்தாக, அழுத்தி.
அவர் சரியான பெயரை அறியாதவரா என்ன.
பணம் வந்தது. அவர் எழுதிய பெயருக்குத்தான் வந்தது.

மறுநாள் ஃபைலைத் திருத்தினேன்.
மேற்கோளுக்குள் அதே பெயர் கண்ணில் பட்டால்
மாற்றாதே. தாண்டியும் போகாதே.
நின்று, கேள்.
இவ்வளவுதான், ஒன்பது வரி.
சோதித்துப் பார்க்க இரண்டு பெயர் வேண்டியிருந்தது.
வெளியே எழில்வாணி வைத்தேன், மேற்கோளுக்குள் மற்றது.

நான்கு வருடமாக என்னை வாணி என்றே கூப்பிடும் ஃபைருஸ்
என் கோடைப் படித்துவிட்டு எட்டிப் பார்த்தான்:
டெஸ்டில் யார் இந்த எலிவாணி?
திரையில் பச்சை விழுந்துகொண்டிருந்தது.
அவன் பதிலுக்குக் காத்திருக்கவில்லை,
ஒப்புதல் கொடுத்துவிட்டு
கீழே ரோத்தி வாங்கக் கிளம்பினான்.
எனக்கும் ஒன்று என்றேன்.
மசால்வடை இருந்தால், அதுவும்.